கல்யாணத்துக்கு வராத யூனிஸ்

பெங்களூரில் இருந்தபடியே சாய் கிருஷ்ணா அப்பா அம்மா இரண்டு பேர் பெயரையும் ஒரு சுற்றுலாவுக்குக் கொடுத்துவிட்டான். கிறிஸ்துமஸுக்கு ஒரு வாரம் முன்னால், பழைய கல்கத்தாவில் மூன்று மணி நேரம் நடக்க வேண்டும். நடக்கிற வழியெல்லாம் தின்ன வேண்டும். கடைசியில் ஒயின் குடிக்க வேண்டும். வழிகாட்ட ஒரு பெண் கூடவே வருவாள். கல்கத்தா ஓரத்தில், நியூ டவுன் அடுக்குமாடியின் பதினோராவது மாடியில் வெங்கடநாராயணன் கைபேசியை மூக்குக்கு நேரே தூக்கிப் பிடித்துக்கொண்டு இதைப் படித்துக் காட்டினார்.

“ஒயினாம்டி ராஜம்! நம்ம ரெண்டு பேருக்கும்! பிள்ளையாண்டானுக்குப் புத்தி கித்தி பிசகிடுத்தா? வேண்டாம்னு சொல்லிடறேன்.”

“எங்கெங்கே போறாளாம்?” என்று சமையலறையிலிருந்து ராஜம் கேட்டாள்.

“பௌபஜார்ல கொச்சூரி. அப்புறம் சந்தேஷ் கடை. ஏதோ ஒரு பழைய பேக்கரி. கடைசியா போ பாரக்ஸ். அங்கதான் ஒயின்.”

ராஜம் அடுப்பை அணைத்துவிட்டு வெளியே வந்தாள். “போலாம்னா,” என்றாள்.

வெங்கடநாராயணன் கைபேசியை இறக்கிவிட்டு அவளைப் பார்த்தார். பக்கத்துக் கட்டடத்தில் லட்சுமி பூஜைக்குக் கூப்பிட்டால்கூட ‘கால் வலிக்கிறது’ என்று தட்டிக்கழிக்கிறவள் இவள்.

“மூணு மணி நேரம் நடக்கணும்டி.”

“நடப்பேன்.”

அவ்வளவுதான் சொன்னாள். மீதியை முப்பத்தாறு வருஷமாகச் சொன்னதில்லை.

கல்யாணத்துக்கு முன்னால் மூன்று வருஷம் ராஜம் பென்டிங் தெருவில் ஒரு தேயிலைக் கம்பெனியில் டைப்பிஸ்டாக இருந்தாள். அடுத்த மேஜையில் யூனிஸ். ஆங்கிலோ இந்தியப் பெண், ராஜத்தைவிட ஒரு வயது பெரியவள். மிஷினைத் தட்டுகிற வேகத்தில் மேனேஜரே எட்டிப் பார்ப்பார். யூனிஸின் வீடு ஆங்கிலோ இந்தியர்கள் குடியிருந்த போ பாரக்ஸில், ஆபீஸிலிருந்து பத்து நிமிஷ நடை. மத்தியான இடைவேளையில் ராஜம் தயிர்சாத டப்பாவைத் தூக்கிக்கொண்டு அவளோடு ஓடுவாள். டிசம்பர் வந்தால் அந்த வீட்டுக் கட்டிலுக்கடியில் ஒரு பெரிய பீங்கான் ஜாடி உட்கார்ந்திருக்கும். உள்ளே திராட்சையும் சர்க்கரையும் புளித்துக்கொண்டிருக்கும். இருபத்தொரு நாள், தினமும் ஒருதரம், மரக்கரண்டியால் கிளற வேண்டும். ஒரே பக்கமாகத்தான் கிளற வேண்டும். ஆபீஸ் நாட்களில் அது ராஜத்தின் பொறுப்பு. வடிகட்டிய அன்றைக்கு முதல் கிளாஸில் பாதி அவளுக்கு. கூடவே கேக். அதில் முட்டை இருந்தது என்பது முதல் வருஷம் அவளுக்குத் தெரியாது. இரண்டாவது வருஷம் தெரிந்தே தின்றாள்.

லேக் மார்க்கெட் வீட்டில் இது ஒருவருக்கும் தெரியாது. அப்பா மஹாதேவன் ரயில்வேயில் அதிகாரி. வெளியிலிருந்து வந்தால் கிணற்றடி இல்லாத ஊரில் குழாயடியிலாவது கால் அலம்பாமல் உள்ளே நுழையமாட்டார். அம்மா ஜகதாம்பாள் மகளின் தயிர்சாத டப்பா காலியாகத் திரும்பி வருகிறதா என்று மட்டும் பார்ப்பாள். அது காலியாகத்தான் வந்தது, யூனிஸுக்குத் தயிர்சாதம் அவ்வளவு பிடிக்கும்.

எண்பத்தேழு பிப்ரவரியில் கல்யாணம். அப்பாவும் அம்மாவும் குங்குமச்சிமிழோடு வீடு வீடாகப் போய்ப் பத்திரிகை வைத்து அழைத்தார்கள். நேரில் போய்க் கூப்பிடாவிட்டால் அது அழைப்பே இல்லை என்பது அப்பாவின் கட்சி. போ பாரக்ஸுக்கு அவர்களை எப்படி அனுப்புவது? ராஜம் வாயைத் திறக்கவில்லை. ஆபீஸில் கடைசி நாளன்று டிராம் நிறுத்தத்தில் யூனிஸின் கையைப் பிடித்துக்கொண்டு, ஹாலுக்கு வழி சொல்லி, “பதினெட்டாம் தேதி ஏழு மணி. தாலி கட்டும்போது நீ என் கண்ணில் பட வேண்டும்,” என்றாள். யூனிஸ் நீலத்தில் புது கவுன் தைக்கக் கொடுத்திருப்பதாகச் சொன்னாள்.

அவள் வரவில்லை. ஹோமப்புகையில் கண் எரிய எரிய ராஜம் வாசலைப் பார்த்துக்கொண்டே இருந்தாள். அன்று சாயங்கால வண்டியிலேயே புருஷனோடு ராஞ்சிக்குப் போய்விட்டாள். கல்யாணத்துக்கு வராதவள்தானே முதலில் ஒரு கடிதாசு போட வேண்டும் என்று காத்திருந்தாள். கடிதாசு வரவில்லை, இவளும் போடவில்லை. ராஞ்சி, தன்பாத், பாட்னா என்று வெங்கடநாராயணனின் பாங்க் வேலை சுற்றவைத்த ஊரெல்லாம் சுற்றி, அவர் ஓய்வுபெற்று நியூ டவுனுக்கு வந்து மூன்று வருஷமாகிறது. காரில் ஏறினால் முக்கால் மணியில் போ பாரக்ஸ். ஒருநாள்கூட ராஜம் போனதில்லை. ஏன் வரவில்லை என்று யூனிஸைக் கேட்க வேண்டும். அதைக் கேட்பதற்கென்றே ஒரு வீட்டுக் கதவைத் தட்ட அவளுக்குத் தைரியம் இல்லை. ஏழு பேரோடு எட்டாவது ஆளாகப் போனால் தட்டுகிற வேலை வேறு யாருடையதோ அல்லவா?

*

சென்ட்ரல் மெட்ரோ வாசலில் மூன்றரை மணிக்குக் கூட்டம் சேர்ந்தது. புனேயிலிருந்து நாலு பேர் குடும்பம் ஒன்று, கல்லூரிப் பெண்கள் இரண்டு பேர், இவர்கள் இரண்டு பேர். வழிகாட்டிப் பெண் மதுவந்தி டாலிகஞ்சில் வளர்ந்த தமிழ்ப்பெண். இருபத்தைந்து வயதுக்குள்தான் இருக்கும். இவர்கள் பெயரைக் கேட்டதும் முகம் மலர்ந்துவிட்டது.

“மாமி, நம்மளவா இந்த வாக்கிங் டூருக்கு வர்றதே இல்லை! என் தமிழ் ரொம்ப பாஜே, மோசம். சிரிக்கக்கூடாது, சரியா?”

“நீ பேசும்மா, உன் தமிழ் என் பேரன் தமிழைவிட எவ்வளவோ தேவலை,” என்றார் வெங்கடநாராயணன். “அது சரி, கடைசியில ஏதோ ஒயின்னு போட்டிருக்கே. நாங்க அதெல்லாம்…”

“உங்களுக்கு இஞ்சி ஒயின் மாமா. காரமா இருக்கும்.”

“இஞ்சின்னா அது கஷாயம். கஷாயம்னா தோஷமில்லை.”

கொச்சூரிக் கடையில் பருப்பு அடைத்த பூரியைத் தொன்னையில் உருளைக்கிழங்குக் கறியோடு கொடுத்தார்கள். ராஜத்தின் ஆபீஸ் நாட்களின் அதே எண்ணெய்ப் புகை, அதே பெருங்காய வாசனை. சந்தேஷ் கடையில் குளிர்காலத்து ஈச்சவெல்ல இனிப்பு வந்துவிட்டிருந்தது. வெங்கடநாராயணன் இரண்டு வாங்கி, ராஜத்துக்குத் தெரியாமல் மூன்றாவதும் வாங்கினார். மதுவந்தி கட்டடங்களைக் காட்டிக் கதை சொல்லிக்கொண்டே போனாள். ராஜத்துக்கு அவள் சொல்வது பாதிதான் காதில் விழுந்தது. இந்த மூலையில் ஒரு சீனாக்காரர் செருப்புக் கடை இருந்தது. வார் அறுந்தால் யூனிஸ் அங்கேதான் உட்காருவாள், ஒற்றைக் காலைத் தூக்கிக்கொண்டு. அந்தக் கடை இப்போது கைபேசிக் கடையாகியிருந்தது. டிராம் தண்டவாளம் போன இடம் தாரால் மூடிக்கிடந்தது. ஆனால் சாயங்கால வெயில் மாடிக் கம்பிகளுக்குள் புகுந்து நடைபாதையில் கோடு போடுவது மட்டும் அப்படியே இருந்தது.

பேக்கரியில் நல்ல கூட்டம். பழைய வழக்கம் இன்னும் நடக்கிறது: கிறிஸ்துமஸ் வாரத்தில் குடும்பங்கள் மைதா, சர்க்கரை, வெண்ணெய், முட்டை, ஊறவைத்த பழங்கள் எல்லாவற்றையும் தாங்களே பையில் கொண்டுவந்து கொடுக்கும். பேக்கரிக்காரர் அவர்கள் கண்ணெதிரே மரத்தொட்டியில் கலந்து, தகரத்தில் ஊற்றி, மேலே பெயர் எழுதிய துண்டுக் காகிதத்தை ஒட்டி அடுப்புக்குள் தள்ளுவார். தங்கள் பெயர் வெளியே வருகிறவரை குடும்பமே பெஞ்சில் காத்திருக்கும்.

“மணிக்கணக்கா உட்காருவாங்க மாமி. எழுந்து போனா பக்கத்து வீட்டுக்காரி நம்ம முந்திரியைத் தன் தொட்டிக்குத் தள்ளிடுவாளாம்!” என்று மதுவந்தி சிரித்தாள்.

“முந்திரி இல்லை, ஆரஞ்சுத் தோல். அதுக்குத்தான் சண்டை வரும்,” என்றாள் ராஜம்.

மதுவந்தி திரும்பிப் பார்த்தாள். வெங்கடநாராயணனும் பார்த்தார். ராஜம் பேச்சை மாற்றுகிறவள்போலக் கேட்டாள்:

“போ பாரக்ஸில் பழைய ஆட்கள் இன்னும் இருக்காளா?”

“ரொம்பப் பேர் ஆஸ்திரேலியா, கனடான்னு போய்ட்டாங்க. நம்ம போறது யூனிஸ் ஆன்ட்டி வீடு. எட்டுப் பேரை உள்ளே உட்கார விடறது அவங்க மட்டும்தான். வாய்தான் கொஞ்சம்… நீங்களே பாருங்களேன்.”

ராஜத்துக்குக் கால் அந்த இடத்திலேயே நின்றுவிட்டது. இத்தனை நேரம், அவள் எங்கேயோ போயிருப்பாள், மெல்போர்னில் பேரன் பேத்தியோடு இருப்பாள், ‘கேட்க முடியாமலே போய்விட்டது’ என்று பெருமூச்சு விட்டுத் திரும்பிவிடலாம் என்று உள்ளுக்குள் ஒரு ஓரத்தில் நினைத்துக்கொண்டிருந்திருக்கிறாள். இப்போது அந்த வழி அடைபட்டுவிட்டது.

“ஏண்டி, மூச்சு வாங்கறதா? வண்டி பிடிச்சுப் போயிடலாமா?” என்றார் வெங்கடநாராயணன் மெல்ல.

“வேண்டாம். நடங்கோ.”

*

சிவப்புச் செங்கல் மூன்று மாடி, பச்சை ஜன்னல்கள், சந்துக்குக் குறுக்கே காகித நட்சத்திரங்கள். நடுவில் மேடை போட்டுக்கொண்டிருந்தார்கள். முதல் மாடிப் படியில் ராஜத்தின் கை தானாகவே சுவரைப் பிடித்துக்கொண்டது, அந்த மூன்றாவது படி உயரம் என்று கைக்கு ஞாபகம் இருந்தது.

யூனிஸ் கதவைத் திறந்தாள். குட்டையாக வெட்டிய வெள்ளைத் தலை, பூப்போட்ட கவுன், மேலே தொளதொள ஸ்வெட்டர், கையில் தடி. “வாங்க, வாங்க. செருப்போடயே வாங்க, இது கோயில் இல்லை,” என்று இங்கிலீஷில் சொன்னாள். ஒவ்வொரு முகமாகப் பார்த்துக்கொண்டு வந்தவள் ராஜத்தின் முகத்தில் ஒரு கணம் நின்றாள். பிறகு அடுத்த முகத்துக்குப் போய்விட்டாள்.

தெரியவில்லை போலிருக்கிறது என்று ராஜம் நினைத்தாள். வருத்தமாகவும் இருந்தது, நிம்மதியாகவும் இருந்தது.

யூனிஸ் தட்டில் சின்னச் சின்ன கிளாஸ்களை வைத்துக் கருஞ்சிவப்பு ஒயினை ஊற்றினாள். கேக் துண்டுகளை வைத்தாள். எல்லாருக்கும் கொடுத்துக்கொண்டே வந்தாள். வெங்கடநாராயணனுக்கு இஞ்சி ஒயின். ராஜத்தின் முன்னால் ஒரு டம்ளர் தண்ணீரை வைத்தாள்.

“இந்த மேடத்துக்குத் தண்ணிதான். இவங்க ஆளுங்க நம்ம வீட்டுப் பண்டத்தைத் தொடமாட்டாங்க. அப்பாவுக்குத் தெரிஞ்சா வம்பு.”

புனேக்காரர்கள் சிரித்தார்கள். ராஜம் டம்ளரிலிருந்து நிமிர்ந்தாள்.

“யூனிஸ்,” என்றாள்.

“அட, பேர் ஞாபகம் இருக்கே!”

மதுவந்தி கெட்டிக்காரி. இரண்டு முகத்தையும் பார்த்தாள். “எல்லாரும் கிளாஸை எடுத்துக்கிட்டு வராண்டாவுக்கு வாங்க, இப்ப விளக்குப் போடுவாங்க,” என்று மற்றவர்களைத் தள்ளிக்கொண்டு வெளியே போனாள். வெங்கடநாராயணன் மட்டும் இஞ்சி ஒயினும் கையுமாக, போவதா இருப்பதா என்று தெரியாமல் நின்றார்.

“நீ ஏன் வரலை?” என்று ராஜம் கேட்டாள். முப்பத்தாறு வருஷமாக எத்தனையோ விதமாகச் சொல்லிப்பார்த்த கேள்வி, கடைசியில் இப்படி மொட்டையாக விழுந்தது.

“நான் வரலையா?” யூனிஸ் தடியைத் தரையில் ஒரு தட்டுத் தட்டினாள். “நான் வரலைன்னு யார் சொன்னது? வந்தேன் மேன்! நீலக் கவுன், நியூ மார்க்கெட்ல வாங்கின புது ஷூ. என் தம்பி ஸ்கூட்டர்ல கொண்டுவந்து விட்டான். கையில ஆறு கப் டீ செட். சரியா ஏழு மணி. கேட் பாதி சாத்திக்கிடக்கு. உள்ளே ரெண்டு பொம்பளைங்க பெருக்கறாங்க. வாட்ச்மேன் என்னைப் பார்த்துச் சிரிக்கிறான், ‘எல்லாரும் நாலு மணிக்கே போயாச்சு, மேம்சாப்’ங்கிறான். ஒரு மாடு வாசல்ல கட்டின வாழைமரத்தைத் தின்னுக்கிட்டு இருந்தது. உன் கல்யாணத்துல நான் பார்த்த ஒரே விருந்தாளி அந்த மாடுதான்.”

ராஜம் வெங்கடநாராயணனைத் திரும்பிப் பார்த்தாள்.

“சாயங்காலம் ஏழு மணிக்கா?” என்றார் வெங்கடநாராயணன். “ஐயையோ அம்மா, காலம்பர ஏழு மணின்னா முகூர்த்தம்!” அவருக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. இரண்டு பேர் முகத்தையும் பார்த்ததும் பாதியில் நிறுத்திக்கொண்டார்.

“காலையிலயா? ஒரு டீகூடக் குடிக்காமலா? இந்த ஊர்ல யார் அப்படிக் கல்யாணம் பண்ணுவாங்க?” என்றாள் யூனிஸ். “பெங்காலிக்கு ராத்திரி. மார்வாடிக்கு நடுராத்திரி. எங்களுக்கு சாயங்காலம். ஏழு மணின்னா ஏழு மணிதானே?”

“எங்களுக்கு… எங்க வீட்டுல கல்யாணம்னாலே காலம்பரதான் யூனிஸ். அதைச் சொல்லணும்னுகூட எனக்குத் தோணலை.”

“எனக்கு வேற தோணிச்சு.” யூனிஸ் கட்டிலில் உட்கார்ந்தாள். குரல் இறங்கிவிட்டது. “வீட்டுக்கு வந்து அழைக்கலை. கார்டு கொடுக்கலை. டிராம் ஸ்டாப்புல ஒரு வார்த்தை. சரி, இவளுக்கு வெக்கம், கவுன் போட்ட பன்னிக்கறி திங்கிற பொண்ணு அவ அப்பா முன்னாடி வந்து நிக்கக்கூடாது. அதனால காலி ஹாலுக்கு நேரம் சொல்லி அனுப்பிட்டா. கெட்டிக்காரின்னு நினைச்சேன். அந்த டீ செட்டை அன்னிக்கே தம்பிகிட்ட கொடுத்துட்டேன். அவன் பொண்டாட்டி ஒரு வருஷத்துல அத்தனையும் உடைச்சா.”

“சத்தியமா இல்லை. நான் வேணும்னு சொல்லலை.”

“அது இப்ப தெரியுது.”

இத்தோடு விட்டிருக்கலாம். இரண்டு பேரும் ஒருவரை ஒருவர் கட்டிக்கொண்டு அழுதிருக்கலாம். ராஜம் அந்தத் தண்ணீர் டம்ளரைப் பார்த்துக்கொண்டே நின்றாள். அப்பாவுக்குத் தெரிஞ்சா வம்பு என்று யூனிஸ் சொன்னது வெறும் கிண்டல் இல்லை, அது ராஜம் தினமும் மத்தியானம் இந்தப் படியிறங்கும்போது தானே சொன்ன வார்த்தை.

“யூனிஸ், இன்னொண்ணு இருக்கு,” என்றாள். “அன்னிக்குத் தாலி கட்டி முடிஞ்சது. வாசலைப் பார்த்தேன். நீ இல்லை. அழுகையா வந்தது. ஆனா கூடவே… அப்பாடான்னும் இருந்தது. இனிமே நீ யாருன்னு அப்பாகிட்ட சொல்ல வேண்டாமேன்னு. ஒரு நிமிஷம்தான். ஆனா இருந்தது.”

வெளியே வராண்டாவில் விளக்குகள் எரிந்தன. கல்லூரிப் பெண்கள் கூவினார்கள். அறைக்குள் சிவப்பும் பச்சையுமாக வெளிச்சம் வந்து சுவரில் விழுந்தது.

“அப்ப நான் நினைச்சது முழுக்கப் பொய்யும் இல்லை,” என்றாள் யூனிஸ்.

“முழுக்கப் பொய்யில்லை.”

யூனிஸ் தடியால் நாற்காலியை இழுத்துக் காட்டினாள். “உட்கார். நிக்காதே, கழுத்து வலிக்குது.” ராஜம் உட்கார்ந்ததும் தண்ணீர் டம்ளரை எடுத்து ஜன்னல் பக்கம் இருந்த செடியில் கொட்டினாள். அதே டம்ளரில், ஒரு விரல்கடை ஒயின் ஊற்றினாள். “நீ இதைச் சொல்லாமப் போயிருந்தா, வராண்டாவுல இருக்கிறவங்களோட உன்னையும் சிரிச்சு அனுப்பிவச்சிருப்பேன். புரியுதா?”

ராஜம் தலையாட்டினாள். டம்ளரை எடுத்து ஒரு வாய் குடித்தாள். வெங்கடநாராயணன் வாயைத் திறந்தபடி பார்த்தார்.

“நீ… குடிப்பியா?”

“மூணு டிசம்பர் குடிச்சிருக்கேன்.”

“கேக்கு?”

“முட்டையோட.”

அவர் இஞ்சி ஒயினை ஒரே மடக்கில் குடித்தார். “பரௌனி ஸ்டேஷன்ல,” என்றார் சுவரைப் பார்த்துக்கொண்டு, “இன்ஸ்பெக்ஷன் போறச்சேல்லாம் ஆம்லெட் சாப்பிடுவேன். பத்து வருஷம். வெங்காயம் போட்டது.”

யூனிஸ் சிரித்துவிட்டாள். தோள் குலுங்கச் சிரித்தாள். அந்தச் சிரிப்பு மட்டும் மாறவே இல்லை, தேயிலைக் கம்பெனி முழுக்கக் கேட்கிற சிரிப்பு. ராஜத்துக்கு அப்போதுதான் கண்ணில் நீர் வந்தது.

மதுவந்தி கதவோரம் தலையை நீட்டினாள். “மாமி, நாங்க கிளம்பறோம். வரீங்களா?”

“நீங்க போங்கோ மா. நாங்க வண்டி பிடிச்சுப் போயிக்கறோம்.”

மற்றவர்கள் படியிறங்கிப் போனார்கள். யூனிஸ் கால்களைக் கட்டிலில் தூக்கிப் போட்டுக்கொண்டு முதுகுக்குத் தலையணை வைத்துக்கொண்டாள்.

“ம், சொல்லு.”

“என்ன சொல்ல?”

“உன் கல்யாணத்தை. நான் டிரெஸ் தைச்சுக்கிட்டவ. எனக்கு முழுக்க வேணும், முதல்லேர்ந்து.”

“முதல்லேர்ந்தா?” ராஜம் புடவைத் தலைப்பால் முகத்தைத் துடைத்தாள். “விடிகாலம் நாலு மணிக்கு எழுப்பிட்டா. பிப்ரவரிக் குளிர். பச்சைத்தண்ணியில குளிக்கச் சொல்றா அத்தை. நாகஸ்வரக்காரர் கரக்பூர்லேர்ந்து வந்திருந்தார், ரயில்வே வேலைக்காரர், லீவு போட்டுட்டு. ஆறு மணிக்குக் காசியாத்திரை.”

“அது என்ன?”

“மாப்பிள்ளை எனக்குக் கல்யாணமே வேண்டாம்னு குடையும் கையுமா காசிக்குக் கிளம்பிடுவார்.”

“ஓடிட்டாரா?” யூனிஸ் வெங்கடநாராயணனைப் பார்த்தாள்.

“தெருமுனைவரைக்கும் போனேன். என் மாமனார் கூப்பிட்டுண்டு வந்துட்டார். அது மைசூர் பட்டுக் குடை. கூடவே விசிறி ஒண்ணு, அப்புறம் ஒரு புஸ்தகம்…”

“குடை கறுப்புக் குடைதான். பட்டெல்லாம் இல்லை,” என்றாள் ராஜம்.

“பட்டுடி. எனக்குத் தெரியாதா? நான்தானே பிடிச்சுண்டு போனேன்?”

“நீங்க சும்மா இருங்க மேன்,” என்று யூனிஸ் தடியைத் தூக்கிக் காட்டினாள். “நீங்கதான் அங்கே இருந்தீங்களே. இது எனக்கு.”

வெங்கடநாராயணன் வாயை மூடிக்கொண்டு, யாரும் கொடுக்காமலே ஒரு கேக் துண்டை எடுத்துக்கொண்டார். ராஜம் நாற்காலியைக் கட்டிலுக்குப் பக்கத்தில் இழுத்துப் போட்டுக்கொண்டு, அடுத்து வந்த ஊஞ்சல் சடங்கிலிருந்து சொல்லத் தொடங்கினாள்.